இரவல் நாக்கும் சார்டின் விழுதும்

1. அடுப்பு எங்கே?

சைகோனில் வேலைக்குச் சேர்ந்த முதல் நாள் காலை, மதாம் என் கையில் ஒரு முள்கரண்டியையும் பன்னிரண்டு மீன் டப்பாக்களையும் கொடுத்து, "மசி" என்றார். நான் பரம்பரைச் சைவம். அதுவரை நான் மீனைப் பார்த்ததெல்லாம் காரைக்கால் கடைத்தெருவில், மூக்கைப் பொத்திக்கொண்டு எதிர்ப்பக்கமாக நடக்கும்போதுதான்.

இதற்கெல்லாம் காரணம் என் தாய்மாமன். அவர் சைகோனில் ஒரு செட்டியாரின் வட்டிக்கடைக் கிட்டங்கியில் வேலையாக இருந்தார். என் அப்பா கோயில் மடைப்பள்ளியில் சமைத்தவர். ஆகவே மகனுக்கும் கைப்பக்குவம் இருக்கும் என்று மாமாவே முடிவுகட்டி, ஆற்றங்கரையில் இருந்த ஒரு பிரெஞ்சுக்காரர் கிளப்பில் எனக்காகச் சொல்லிவைத்துவிட்டார். "அடுப்பு கெடயாது, பொக கெடயாது. குளுகுளுன்னு ஐஸ்கட்டி பக்கத்துல நின்னுக்கிட்டு பிஸ்கோத்து அடுக்குற வேலைடா" என்று கடிதம் எழுதினார். பிஸ்கோத்தின் மேல் என்ன இருக்கும் என்று அவரும் எழுதவில்லை, நானும் கேட்கவில்லை.

அந்த வேலைக்கு கார்த்-மான்ஜே என்று பெயர். தமிழில் குளிர் சமையல் என்று வைத்துக்கொள்ளலாம். கிளப்புக்கு வரும் துரைமார்கள் மாலையில் குடிக்க உட்கார்ந்ததும் கொறிக்க ஏதாவது கேட்பார்கள். அதற்குத்தான் உப்பு பிஸ்கோத்தும், அதன்மேல் தடவும் மீன் விழுதும். அடுப்பே வேண்டாம் என்று மாமா எழுதியது மட்டும் சத்தியம்.

மதாம் என்பது கிளப்பை நடத்திய பிரெஞ்சு அம்மாள். முழுப்பெயர் எங்கள் வாயில் நுழையாததால் எல்லோருக்கும் அவர் வெறும் மதாம். பிரெஞ்சில்தான் பேசுவார். பள்ளிக்கூடத்தில் அடிவாங்கிப் படித்த பிரெஞ்சு எனக்கு அங்கேதான் உதவியது.

முதல் டப்பாவைத் திறந்தேன். உள்ளே ஆறு மத்தி மீன்கள் எண்ணெயில் வரிசையாகப் படுத்திருந்தன. ஊரில் அதற்குப் பெயர் மத்தி. டப்பாவில் ஏறிப் பாரிசிலிருந்து வந்தால் சார்டின். முருகா என்று கண்ணை மூடிக்கொண்டு மசித்தேன். சாயங்காலம் மூன்று தடவை குளித்தேன். மறுநாள் மாமாவிடம் போய் அழுதேன்.

"தொட்டா ஒட்டிக்குமா? திங்கச் சொன்னாங்களா உன்ன? மசிக்கத்தானடா சொன்னாங்க!" என்றார் மாமா.

அதுவும் நியாயமாகத்தான் பட்டது. கல்யாணமாகி ஆறு மாதத்தில் மனைவியை ஊரில் விட்டுவிட்டுக் கடல் தாண்டி வந்தவன் நான். திரும்பிப் போக எனக்கு முகமில்லை. வேலையைத் தொடர்ந்தேன். மனைவி கமலத்துக்கு மட்டும், "பிஸ்கோத்து இலாகாவில் உத்தியோகம்" என்று எழுதினேன்.

2. செய்முறை

இந்த வேலைக்குப் போகும் பிள்ளைகள் இதைக் குறித்துக்கொள்ளலாம். டப்பா எண்ணெயை வடித்துவிட வேண்டும். நடுமுள்ளை உருவி எறிய வேண்டும். எலுமிச்சைச் சாற்றை முதலில் மீனோடு சேர்த்து மசித்துவிட்டு, அதற்குப் பிறகுதான் வெண்ணெய். வெண்ணெயில் நேராகச் சாற்றைப் பிழிந்தால் இரண்டும் மாமியார் மருமகள் மாதிரி தனித்தனியாக நிற்கும். மீன் இரண்டு பங்கு என்றால் வெண்ணெய் ஒரு பங்கு. கடுகு விழுது, பொடியாக அரிந்த வெங்காயம், மிளகு, உப்பு. கிண்ணத்தை ஐஸின் மேல் ஒரு மணி நேரம் வைத்தால் இறுகும். பிஸ்கோத்தில் முன்கூட்டியே தடவி வைக்கக் கூடாது, நமுத்துப்போகும். துரை நாற்காலியில் உட்காரும் சத்தம் கேட்ட பிறகு தடவினால் போதும்.

இவ்வளவும் எனக்கு ஒரே வாரத்தில் வந்துவிட்டது. வராத ஒன்று, ருசி பார்ப்பது.

மீன் என்பது ஒரு காரணம். இன்னொரு காரணமும் உண்டு. எங்கள் அப்பா ஆயுளில் ஒரு நாள்கூடச் சமைத்ததை வாயில் வைத்துப் பார்த்ததில்லை. சாமிக்குப் போகிற பண்டம், நாக்கில் பட்டால் எச்சில். உப்பைக் கையில் அள்ளும்போதே எடை தெரியும், கொதிக்கும் வாசனையில் காரம் தெரியும். நானும் அப்படியே வளர்ந்தேன். பாயசத்தையே ருசி பார்க்காதவன் சார்டினையா பார்ப்பேன்?

ஆனால் மதாமின் சட்டம் நேர் எதிரானது. "செய்தவன் முதலில் தின்ன வேண்டும். தின்னாத சமையல்காரனை நான் நம்ப மாட்டேன்" என்பார். தினமும் ஐந்தரை மணிக்குக் கையைக் கட்டிக்கொண்டு என் எதிரில் வந்து நிற்பார். நான் ஒரு பிஸ்கோத்தில் பாதிக்கு மட்டும் விழுதைத் தடவுவேன். தடவாத பாதியைக் கடித்து, கண்ணை மூடி, தலையை ஆட்டி, "ட்ரே பியேன், மதாம்!" என்பேன். மிக நன்று என்று அதற்கு அர்த்தம். மதாமுக்குக் கிட்டப்பார்வை. கண்ணாடி போட்டால் வயது தெரியும் என்று போட மாட்டார். அந்தக் கண்ணாடிக்கு நான் ஒரு வருஷம் நன்றிக்கடன் பட்டிருந்தேன்.

3. நாக்கு உத்தியோகம்

ருசி பார்க்காமல் எப்படி ஒரு வருஷம் ஓட்டினேன் என்றால், நாக்கை இரவல் வாங்கினேன்.

கிளப்பில் கிளாஸ்களுக்குப் பொறுப்பாக இருந்தவர் அந்துவான் அண்ணன். புதுச்சேரிக் கிறிஸ்தவர், நாற்பது வயது, மீன் என்றால் உயிர். தினமும் ஐந்து மணிக்கு நான் ஒரு பிஸ்கோத்தில் தடவி நீட்டுவேன். அவர் பூசை வைக்கும் பாதிரியார்போல் அதை இரண்டு விரலால் வாங்கி வாயில் போட்டு, மேலே பார்ப்பார்.

"உப்பு ஒரு சிட்டிக. எலுமிச்ச போதும். வெங்காயத்த இன்னும் பொடியா அரி தம்பி, பல்லுல மாட்டுது."

அவர் சொன்னபடி செய்தால் துரைமார்கள் தட்டைக் காலி செய்துவிடுவார்கள். கூலியாக அவருக்குத் தினம் ஒரு டப்பா மத்தியில் பாதி. தன் நாக்குக்கு இப்படி ஒரு பதவி கிடைத்ததில் அண்ணனுக்குத் தலைகால் புரியவில்லை. "நீ கை, நான் நாக்கு. ரெண்டும் சேந்தாத்தான் ஆளு" என்று எல்லோரிடமும் சொல்லிக்கொள்வார். மதாமிடம் மட்டும் சொல்லவில்லை.

எங்களோடு சீ பா என்றொரு சைகோன்காரி இருந்தாள். பாத்திரம் கழுவுவதும் சந்தையிலிருந்து எலுமிச்சை வாங்கிவருவதும் அவள் வேலை. சில நாள் அவளும் ஒரு பிஸ்கோத்தை எடுத்து ருசி பார்ப்பாள். ஆனால் அவளுடைய தீர்ப்பு எந்நாளும் ஒன்றுதான். "நுக் மாம்!" என்பாள். அது அவர்கள் ஊர் மீன் சாறு. சுத்த உப்புக்கடல். அது விடாத எந்தப் பண்டமும் அவள் கணக்கில் பத்தியச் சாப்பாடு. அதனால் அவள் தீர்ப்பை நான் எடுத்துக்கொள்வதில்லை.

4. கடிதம்

ஒரு வெள்ளிக்கிழமை கமலத்திடமிருந்து கடிதம் வந்தது. அவள் நீட்டி முழக்க மாட்டாள். "இந்தக் கடிதம் முன் கப்பலில் வருகிறது. நான் பின் கப்பலில் வருகிறேன். ஊர்க்காரக் குடும்பம் ஒன்று துணைக்கு வருகிறது. செவ்வாய்க்கிழமை துறைமுகத்தில் நிற்கவும்" என்று மட்டும் இருந்தது.

சந்தோஷத்தில் கொஞ்சமும் பயத்தில் மிச்சமுமாக உட்கார்ந்துவிட்டேன். நான் இருந்தது முருகன் கோயிலுக்குப் பின் தெருவில், ஆறு ஆண்பிள்ளைகள் பாய் விரித்துப் படுக்கும் ஓர் அறை. அங்கே ஒரு பெண்ணைக் கூட்டிவர முடியாது. கிளப்புக்குப் பின்னால் ஒரு நல்ல அறை காலியாக இருந்தது, ஜன்னலும் தண்ணீர்க் குழாயும் உண்டு. ஆனால் அது வேலை நிரந்தரமானவனுக்குத்தான். நானோ ஒரு வருஷமாகத் தற்காலிகம்.

மதாமிடம் போய்க் கேட்டேன். அவர் யோசித்தார்.

"ஞாயிற்றுக்கிழமை படகுப் போட்டி முடிந்து நூறு பேர் வருகிறார்கள். அன்றைக்கு உன் விழுது நன்றாக இருந்தால் அறை உனக்கு. இல்லாவிட்டால் வேறு ஓட்டலிலிருந்து ஒருவன் கேட்டுக்கொண்டே இருக்கிறான், அவனுக்கு."

அதாவது, ஞாயிற்றுக்கிழமை சார்டின் சரியாக அமைந்தால் செவ்வாய்க்கிழமை என் பெண்டாட்டிக்கு வீடு. அமையாவிட்டால் இரண்டு பேருக்கும் துறைமுகத்துத் திண்டாட்டம். அன்று கோயிலுக்குப் போய்த் தண்டாயுதபாணியிடம் வேண்டிக்கொண்டேன். எதற்கு வேண்டுகிறேன் என்பதை மட்டும் விவரமாகச் சொல்லவில்லை. சாமி சைவம்.

5. ஞாயிற்றுக்கிழமை

அறுபது டப்பா. மத்தியானமே மசிக்கத் தொடங்கி நாலு மணிக்கு ஒரு பெரிய வாளி விழுது தயாராகிவிட்டது. அந்துவான் அண்ணனைக் கூப்பிட்டேன். வலது கன்னம் உப்பியிருந்தது. வெற்றிலையை அடக்கியிருக்கிறார் என்று நினைத்தேன். கிராம்பு வாசனையும் வந்தது. வெற்றிலைக்குக் கிராம்பு வைத்திருப்பார் என்று அதையும் விட்டுவிட்டேன்.

பிஸ்கோத்தை வாயில் போட்டார். மேலே பார்த்தார். வழக்கத்தைவிட அதிக நேரம் பார்த்தார்.

"ஒண்ணுமே இல்லியே தம்பி."

"ஒண்ணுமே இல்லன்னா?"

"உப்பு இல்ல. ஒறப்பு இல்ல. சப்புனு இருக்கு."

உப்பு போட்டேன். மறுபடி ருசி பார்த்தார். "பத்தல." கடுகு விழுதைப் பாட்டிலோடு கவிழ்த்தேன். "ம்ஹும்." மிளகு, பச்சை மிளகாய், இன்னும் உப்பு. "ஏதோ தூரத்துல தெரியிற மாதிரி இருக்கு, கிட்ட வரல" என்றார்.

என் கை வேண்டாம் வேண்டாம் என்றது. உப்பின் எடை எனக்குக் கையிலேயே தெரியும் என்று சொன்னேன் அல்லவா? அன்றைக்கும் தெரிந்தது. ஆனால் ஒரு வருஷமாகப் பொய் சொல்லாத நாக்கு அது. கையை நம்புவதா நாக்கை நம்புவதா என்று தடுமாறி, இன்னொரு சாட்சி வேண்டும் என்று சீ பாவைக் கூப்பிட்டேன். அவள் ஒரு விரலால் தொட்டு நக்கினாள். கண்ணில் நீர் வந்தது. முகமெல்லாம் மலர்ந்தது. உள்ளே ஓடிப்போய் ஒரு பாட்டிலை எடுத்துவந்து, நான் தடுப்பதற்குள் பாதியை ஊற்றிவிட்டாள். நுக் மாம்தான். கடைசியில் இந்தத் தமிழனுக்குப் புத்தி வந்தது என்று அவளுக்கு அவ்வளவு மகிழ்ச்சி.

அந்துவான் அண்ணன் ருசி பார்த்தார். "இப்பத்தான் லேசா ஏதோ வருது. போதும்" என்றார்.

ஐந்தரைக்கு மதாம் வந்தார். அவருக்குப் பின்னால் வெயிட்டர்கள் விழுது தடவிய பிஸ்கோத்துத் தட்டுகளைத் தூக்கிக்கொண்டு வராந்தாவுக்கு ஓடினார்கள். நான் வழக்கம்போல் ஒரு பிஸ்கோத்தை எடுத்தேன்.

"நோன்" என்றார் மதாம். "இன்று முக்கியமான நாள். நானே தடவுகிறேன்."

கத்தியை வாங்கி, இந்த ஓரத்திலிருந்து அந்த ஓரம்வரை, ஒரு விரல் கனத்துக்குத் தடவி என் வாயருகே நீட்டினார். தடவாத பாதி என்று ஒன்று அதில் இல்லை.

நான் வாயைத் திறந்தேன். மூடினேன். ஒரு பக்கம் கமலம், கப்பல், ஜன்னல் வைத்த அறை. இன்னொரு பக்கம் எங்கள் அப்பா மடைப்பள்ளியில் தலைகுனிந்து நிற்கிறார். சத்தியமாகச் சொல்கிறேன், அந்தப் பிஸ்கோத்துக்கு முன்னால் எனக்கு அழுகை வந்துவிட்டது.

"மதாம், நான் மீன் தின்னாதவன். ஒரு வருஷமாக வெறும் பிஸ்கோத்தைத்தான் கடித்துக்கொண்டிருக்கிறேன். மன்னிக்க வேண்டும்."

மதாம் நீட்டிய பிஸ்கோத்தைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டார். "அப்படியானால் இதை ருசி பார்த்தது யார்?"

அந்துவான் அண்ணன் தானாகவே முன்னால் வந்து, கையைக் கட்டிக்கொண்டு, வீங்கிய கன்னத்தோடு நின்றார். மதாம் அவர் கன்னத்தை உற்றுப் பார்த்தார். கிட்டப்பார்வைதான், ஆனால் அவ்வளவு பெரிய கன்னம்.

"வாயைத் திற."

திறந்தார். உள்ளே கிராம்புத் தைலத்தில் ஊறிய பஞ்சு, ஒரு கடைவாய்ப் பல்லின்மேல் உட்கார்ந்திருந்தது. தைலம் வழிந்து நாக்கு முழுக்க மரத்துக் கிடந்தது.

"மூணு நாளா பல்வலி தம்பி" என்றார் அண்ணன் என்னிடம், பாதி அழுகையாக. "சொன்னா நாக்கு உத்தியோகத்த வேற யாருக்காவது குடுத்துருவியோன்னு பயந்துட்டேன்."

மதாம் தன் கையில் இருந்த பிஸ்கோத்தின் ஓரத்தைக் கடித்தார். அவர் முகம் முதலில் வெளுத்தது, பிறகு சிவந்தது. என்னை நோக்கி விரலை நீட்டினார். தண்ணீர்ச் சாடியை அப்படியே தூக்கிக் குடித்தார். அறை போயிற்று, வேலை போயிற்று, செவ்வாய்க்கிழமை துறைமுகத்தில் என்ன முகத்தோடு நிற்பேன் என்று நான் சுவரில் சாய்ந்துவிட்டேன்.

அப்போதுதான் வராந்தாவிலிருந்து ஒரே கூச்சல். வெயிட்டர்கள் மூச்சிறைக்க ஓடிவந்தார்கள். பீர் இன்னும் வேண்டுமாம். ஐஸ் வேண்டுமாம். எலுமிச்சைத் தண்ணீராவது உடனே வேண்டுமாம். விழுதைத் தின்றவன் குடிக்கிறான், குடித்தவனுக்கு மறுபடி விழுது வேண்டியிருக்கிறது, தின்றதும் மறுபடி குடிக்கிறான். படகுப் போட்டியில் தோற்ற அணிகூடப் பாடத் தொடங்கிவிட்டது. தொந்தியும் தொப்பியுமாக, பத்திரம் பதியும் நொத்தேர் துரை ஒருவர் உள்ளேயே வந்து, கண்ணீர் வழிய மதாமின் கையை முத்தமிட்டு, "இப்படி ஒரு விழுதை நான் மர்செய்லில்கூடத் தின்றதில்லை!" என்று சொல்லிவிட்டு, ஒரு தட்டைத் தானே தூக்கிக்கொண்டு போனார்.

ஏழு மணிக்குள் கிளப்பில் பீர் காலி. ஐஸ் காலி. மதாம் வெறும் கிடங்கைச் சுற்றிப் பார்த்துவிட்டு என்னிடம் வந்தார். ஒரு சாவியை மேசைமேல் வைத்தார்.

"நீ பொய்யன்" என்றார். "அவன் முட்டாள். அடுத்த ஞாயிறும் இதேபோல் செய்ய வேண்டும். அச்சு அசல் இதேபோல்."

6. அச்சு அசல்

செவ்வாய்க்கிழமை கமலம் வந்து இறங்கினாள். அறையைப் பார்த்தாள், ஜன்னலைத் திறந்து மூடினாள், குழாயைத் திருகினாள், திருப்தியானாள். நான் பிஸ்கோத்து இலாகாவைப் பற்றிப் பேச்செடுக்கவில்லை.

சங்கடம் அடுத்த ஞாயிற்றுக்கிழமை வந்தது. அந்துவான் அண்ணன் இதற்குள் பல்லைப் பிடுங்கிவிட்டார். நாக்கு பழையபடி ஆகிவிட்டது. ஒரு பிடி உப்பு போட்டதுமே, "ஐயோ சேசுவே, போதும்!" என்று துப்பினார். போன வாரம் எவ்வளவு போட்டேன் என்று எனக்கும் நினைவில்லை, பதற்றத்தில் போட்டவன் அளந்தா போடுவான்? ஒரே வழிதான் தெரிந்தது. அவரை ஸ்டூலில் உட்கார வைத்து, கிராம்புத் தைலத்தில் பஞ்சை நனைத்து நீட்டினேன்.

"பல்லே இல்ல, தைலம் எதுக்குடா?" என்று கத்தினார்.

"அண்ணே, பல்லுக்கு இல்ல, மதாமுக்கு. போன வாரம் மாதிரியே எல்லாருக்கும் தாகம் எடுக்கணுமாம். வாயத் தொறங்க."

பஞ்சும் கையுமாக நான் நிற்க, அண்ணன் வாயைப் பொத்திக்கொள்ள, சீ பா பாட்டிலோடு தயாராக இருக்க, வாசலில் கமலம் நின்றுகொண்டிருந்தாள். எவ்வளவு நேரமாக நின்றாளோ தெரியாது.

வாளியை மறைக்கலாம் என்றால் அது என்னைவிடப் பெரிசு. கமலம் உள்ளே வந்தாள். ஒரு பிஸ்கோத்தை எடுத்தாள். விழுதைத் தடவினாள், ஓரத்திலிருந்து ஓரம்வரை. வாயில் போட்டு மென்றாள்.

"உப்பு இன்னும் ரெண்டு கைப்பிடி ஏறணும், மத்தவங்க தாகத்துல அலையணும்னா" என்றாள். "எலுமிச்ச நாலு பிழிங்க. அப்பத்தான் உப்பு உடனே தெரியாம, பின்னாடி வந்து பிடிக்கும்."

அந்துவான் அண்ணன் பஞ்சைப் பிடுங்கித் தூர எறிந்தார். நான் அவளையே பார்த்துக்கொண்டு நின்றேன்.

"கமலம், அது மீனு."

"தெரியும்."

"நீ எப்ப..."

"கப்பல்ல குடுத்தாங்க. பத்து நாளு இருக்கே, பழகிக்குவோம்னு தின்னு பாத்தேன். நல்லாத்தான் இருந்திச்சு."

"எதுக்குப் பழகணும்? நான் பிஸ்கோத்து இலாகான்னுதானே எழுதினேன்!"

கமலம் விரலை நக்கிக்கொண்டே சிரித்தாள். "எழுதினீங்க. ஆனா ஒரு வருசமா உங்க கடுதாசி ஒவ்வொண்ணும் மீன் வாடை அடிச்சுது. தபால்காரர் எங்க வீட்டுக்கு வர்றப்ப தெருப் பூனையெல்லாம் அவர் பின்னாடியே வரும். உங்க கையால செய்யிறத நான் திங்காம வேற யாரு திங்கறது?"

அன்றைக்கு எனக்கு வந்த வெட்கமும் சந்தோஷமும் இன்னும் மறக்கவில்லை. அதற்குப் பிறகு அந்தக் கிளப்பில் பத்தொன்பது வருஷம் இருந்தேன். விழுதை மசித்தது நான், ருசி பார்த்தது கமலம். அந்துவான் அண்ணனுக்குப் பாதி டப்பா மத்தி பென்ஷனாகத் தொடர்ந்தது. நான் மட்டும் கடைசிவரை அதைத் தொட்டு வாயில் வைக்கவில்லை.

குளிர் சமையலுக்குப் போகும் பிள்ளைகளுக்கு நான் சொல்வது இதுதான். ருசி பார்க்காமல் பரிமாறாதீர்கள். பார்க்க முடியாதென்றால் ஒரு நல்ல நாக்கை இரவல் வாங்குங்கள், வாங்குவதற்கு முன்னால் வாயைத் திறக்கச் சொல்லிப் பாருங்கள். வீட்டுக்குக் கடிதம் எழுதுவதாக இருந்தால் கையை நன்றாகக் கழுவிக்கொள்ளுங்கள். நான் கழுவாதது நல்லதாகப் போயிற்று. எல்லோருக்கும் கமலம் வாய்க்க மாட்டாள்.